பேராசிரியர் சுந்தரம் பிள்ளையும் ஒரு பழைய கிரேக்கக் கதையும்

நம் காலனிப் பிள்ளைகள் கிரேக்க வீரர் கதைகளை நன்கு அறிவர். பார்த்தவரைக் கல்லாக்கும் மெடூசாவின் தலையைக் கொய்த பெர்சியூசும், பொன்மயமான ஆட்டுத்தோலைத் தேடிக் கடல் கடந்த ஜேசனும், புதிர்மாளிகையுட் புகுந்து எருதுத்தலை அரக்கனை வீழ்த்திய தீசியூசும் அவர்கட்கு அண்டைவீட்டாரைப் போன்றவர்கள். 2005ஆம் ஆண்டு முதல் வெளிவந்த பெர்சி ஜாக்சன் கதைகளை விளக்கணைத்த பின்னும் போர்வைக்குள் வைத்துப் படிக்கின்றனர் என்று தாய்மார் குறைகூறக் கேட்கின்றோம். இவர்தம் பாட்டனார் படித்தது சார்லஸ் கிங்ஸ்லி என்னும் ஆங்கிலப் பாதிரியார் 1856இல் தம் குழந்தைகளுக்கென்று எழுதிய வீரர் கதைநூல். இவற்றைப் படிப்பதில் குற்றம் ஒன்றுமில்லை. அந்த வயதில் படிக்காமற் போவதே குறை.

ஆயின், கிரேக்கர் ஏட்டில் ஒரு மூலையில் கிடந்த காதலும் வீரமும் கலந்த கதையொன்று தமிழுடை உடுத்து, பாண்டியனும் சேரனும் பொருத கதையாக வளர்ந்து, இதே திருவனந்தபுரத்தில் ஒரு பேராசிரியரின் எழுதுகோலினின்றும் பிறந்தது என்பதை அப்பிள்ளைகள் அறியார். பெற்றோராகிய நம்முள்ளும் அறிந்தோர் சிலரே. அதனால்தான் இம்மலரில் மனோன்மணீயம் சுந்தரம் பிள்ளை அவர்களின் வரலாற்றை எழுத முற்பட்டோம்.

சுந்தரம் பிள்ளை 1855ஆம் ஆண்டு ஏப்ரல் திங்களில் ஆலப்புழையில் பிறந்தார். தந்தையார் பெருமாள் பிள்ளை. தாயார் மாடத்தி அம்மாள். தந்தையார் துணி வாணிகம் செய்தவர். வாணிகத்தையும் ஊழியத்தையும் நாடி மலைக்கு மேற்கே வந்து தங்கிய தமிழ்க் குடும்பங்கள் அக்காலத்திலும் பல இருந்தன. இவர்களுடையதும் அவற்றுள் ஒன்று. ஆனால் நமக்கும் அவர்களுக்கும் ஒரு வேறுபாடு உண்டு. அன்றைய திருவிதாங்கூரில் தோவாளை, அகத்தீசுவரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய தமிழ் வட்டங்களும் செங்கோட்டையும் அடங்கியிருந்தன. தமிழ் இந்நாட்டின் மொழிகளுள் ஒன்று, விருந்தாளியின் மொழியன்று. 1956 நவம்பர் 1ஆம் நாள் எல்லை மாறிய பின்னரே இந்நகரத்துத் தமிழர் பலர், இருந்த வீட்டைவிட்டு ஓர் அடியும் பெயராமலே அயல் மாநிலத்தார் ஆயினர். இதனை இங்குக் குறிப்பதற்குக் காரணம் உண்டு, பின்னர் விளங்கும்.

சுந்தரம் பிள்ளை மேற்படிப்புப் பயின்றது திருவனந்தபுரம் மகாராஜா கல்லூரியில். பாளையத்தில் இன்று யூனிவர்சிட்டி காலேஜ் என்று நாம் சுட்டும் கல்லூரியே அது. 1876இல் பி.ஏ. பட்டம் பெற்றார். அங்கே தத்துவம் கற்பித்த ராபர்ட் ஹார்வி என்னும் ஆசிரியரின் அன்புக்கு உரியவரானார். ஆசிரியரிடம் அவர் கொண்ட பற்று எத்தகையது என்பதை இரண்டு செய்திகள் காட்டும்: தம் தலைசிறந்த நூலை ஹார்விக்கே உரிமையாக்கினார், பேரூர்க்கடைக் குன்றில் தாம் அமைத்துக்கொண்ட இல்லத்துக்கு ஹார்விபுரம் என்று பெயரிட்டார். தமிழ்த் தெய்வத்துக்கு வணக்கம் பாடிய ஒருவர் தம் வீட்டிற்கு ஓர் ஆங்கிலப் பெயரை இட்டாரே என்று முகஞ்சுளிப்பார் உளராயின், அவர் நன்றியறிதலைச் சிறிது எண்ணிப் பார்ப்பாராக.

1877இல் சிவகாமி அம்மையாரை மணந்தார். அதனையடுத்து சிறிது காலம் திருநெல்வேலியில், பிற்காலத்தில் இந்துக் கல்லூரியாக வளர்ந்த பள்ளியில் தலைமையாசிரியராகப் பணியாற்றினார். அங்கேதான் தாமிரபரணிக் கரையிலுள்ள கோடகநல்லூரில் வாழ்ந்த சுந்தர சுவாமிகளைக் கண்டு குருவாகக் கொண்டார். நாடகத்தில் வரும் சுந்தர முனிவர் இப்பெரியாரின் நிழலே என்பது அறிஞர் கருத்து. அவை தாது வருடத்துப் பெரும் பஞ்சம் தென்னாட்டை அலைக்கழித்த ஆண்டுகள். 1876 முதல் 1880 வரை இந்தியாவின் வைசிராயாக இருந்தவர் லிட்டன் பிரபு. அவருடைய தந்தையாராகிய மற்றொரு லிட்டன் பிரபு நாவலாசிரியர், கவிஞர். மகனுடைய ஆட்சியைப் பற்றித் தமிழ்நாட்டில் நல்ல நினைவு ஒன்றும் மிஞ்சவில்லை. தந்தையின் கவிதை ஒன்றோ, தமிழுக்கு ஒரு நாடகத்தைத் தந்தது.

1880இல் தத்துவத்தில் எம்.ஏ. பட்டம் பெற்றுத் திருவனந்தபுரத்திலேயே பணிபுரியலானார். இடையிற் சில ஆண்டுகள் அரசு வருவாய்த்துறையில் உயர்பதவி வகித்தபின், 1885இல் ஹார்விக்குப் பின்னவராகத் தத்துவப் பேராசிரியர் பதவியை ஏற்றார். அவ்வாண்டிலேயே சைவப் பிரகாச சபையை இந்நகரில் நிறுவினார். வீடு, கல்லூரி, சபை என்றிருந்த இந்த ஆறாண்டுக் காலத்தின் விளைவே 1891இல் அச்சான மனோன்மணீயம்.

இனிக் கதைக்கு வருவோம். அது வந்த வழியே ஒரு கதை.

அலெக்சாந்தரின் அரசவையில், காண வருவோரை உள்ளே அழைத்துச் செல்லும் அலுவலில் இருந்தவர் காரிஸ் என்னும் கிரேக்கர். தம் மன்னனின் வரலாற்றை எழுதியபோது ஆசியாவில் கேட்ட கதையொன்றையும் சேர்த்து வைத்தார். அவர் நூல் அழிந்தது. ஆயினும் ஏறத்தாழ 500 ஆண்டுகளுக்குப் பின், எகிப்து நாட்டு நௌக்ராத்திஸ் நகரத்து அதேனயுஸ் என்பவர் எழுதிய நெடிய விருந்துரையாடல் நூலின் 13ஆம் பகுதியில் அக்கதை தப்பிப் பிழைத்தது. கதை இது: தனாயிஸ் ஆற்றுக்கு அப்பால் (இன்று டான் என்று வழங்கும் ஆறு) ஒமார்த்திஸ் என்னும் அரசன் ஆண்டான். அவனுக்கு ஒரே மகள் ஒடாத்திஸ். காஸ்பியக் கணவாய்க்கு மேலுள்ள நாட்டை ஆண்ட சரியாத்ரிஸ் என்பானை அவள் கனவிற் கண்டு காதல் கொண்டாள். அவனும் அவளை அவ்வாறே கனவிற் கண்டான். பெண் கேட்டு அனுப்பினான். ஆண்பிள்ளை இல்லாத தந்தை, மகளை அயல்நாட்டானுக்குக் கொடுக்க மனமின்றி மறுத்தான். பிறகு உறவினரையும் பெருங்குடியினரையும் கூட்டி விருந்து நடத்தி, பொற்கிண்ணத்தில் மதுவை நிரப்பி, விரும்பியவன் கையிற் கொடுக்குமாறு மகளுக்குக் கட்டளையிட்டான். அவளோ முன்னரே சரியாத்ரிசுக்குச் செய்தி அனுப்பியிருந்தாள். அவன் ஆற்றங்கரையில் படையை நிறுத்திவிட்டு, தேரோட்டி ஒருவனோடு மட்டும் 800 ஸ்டேடியம், அஃதாவது ஏறத்தாழ 150 கிலோமீட்டர், விரைந்து வந்தான். அவ்வூர் உடை தரித்து மண்டபத்துட் புகுந்தான். கண்ணீரோடு மது வார்த்துக்கொண்டு காலம் தாழ்த்தி நின்றவள் அருகிற் சென்று தான் வந்துவிட்டதைத் தெரிவித்தான். கிண்ணம் அவன் கைக்கு மாறியது. இருவரும் தேரேறி மறைந்தனர்.

இக்கதை ஆசிய மக்களிடையே பெருவழக்காக இருந்ததாம். கோயிற் சுவர்களிலும் அரண்மனைகளிலும் குடிமக்கள் வீடுகளிலுங்கூட ஓவியமாகத் தீட்டப்பெற்றிருந்ததாம். பெருங்குடியினர் தம் பெண்மக்களுக்கு ஒடாத்திஸ் என்று பெயரிட்டனராம். ஏறத்தாழ 1010இல் பாரசீகக் கவிஞர் பிர்தௌசி முடித்த ஷாநாமாவிலும் கனவிற் கண்ட அயலானை அரசிளங்குமரி அவையில் தேர்ந்தெடுக்கும் கதையொன்று உண்டு. நம் நாட்டார்க்கு வாணாசுரன் மகள் உஷை அநிருத்தனைக் கனவிற் கண்ட கதை நினைவுக்கு வரும். கிரேக்கர் காத்து வைத்தனரே ஒழிய, கதை ஆசியாவுக்கே உரியது.

மூத்த லிட்டன் பிரபு 1866இல் 'மிலேட்டசின் தொலைந்த கதைகள்' என்ற தலைப்பில் பண்டைக் கதைகளைக் கவிதையாக்கி வெளியிட்டார். அதில் ஒன்று இக்கதை. அவர் அதனுள் சுரங்க வழியொன்றைப் புகுத்தி, 'இரகசிய வழி' என்றே அதற்குப் பெயரிட்டார். இதுவே சுந்தரம் பிள்ளையின் கைக்கு வந்தது. கருவை எங்கிருந்து எடுத்தார் என்பதை அவர் மறைக்கவுமில்லை. நூலின் முகவுரையிலேயே கூறிவிட்டார்.

ஒரு சிறிய ஆங்கிலக் கவிதையை 5 அங்கமும் 20 களமும் கொண்ட செய்யுள் நாடகமாக்கினார் எனின், அது மொழிபெயர்ப்பு ஆகாது என்பது சொல்லாமலே விளங்கும். அவர் செய்த மாற்றங்களே நாம் கூர்ந்து நோக்கத்தக்கவை. கிரேக்கப் பெயரைத் தமிழ் எழுத்தில் எழுதிவிட்டு அவர் நின்றாரல்லர். தனாயிஸ் ஆற்றங்கரை அரசன், மதுரையைவிட்டுத் திருநெல்வேலியிற் புதுக்கோட்டை கட்டிக்கொண்ட சீவக பாண்டியன் ஆனான். அவன் மகள் மனோன்மணி. அவள் கனவிற் கண்டவன் சேரநாட்டு அரசன் புருடோத்தமன். நம் காலனி இருக்கும் இந்த மண்ணுக்கு உரியவன். குலகுருவாகிய சுந்தர முனிவர் புருடோத்தமனே தக்க மணமகன் என்று தேர்ந்து, நடராசன் என்னும் நல்லவனைத் தூதனுப்பச் சொல்கின்றார். பாண்டியனோ அமைச்சன் குடிலனின் பேச்சுக்கு அடிமை. குடிலன் தன் மகன் பலதேவனைத் தூதனுப்புகின்றான். மணம் பேசச் சென்றவன் நாஞ்சில் நாட்டைப் பற்றிய பழைய எல்லை வழக்கைக் கிளப்பிச் சேரனைச் சினமூட்டுகின்றான். போர் மூள்கின்றது.

நாஞ்சில் நாடு! கதையின் நெருப்பை மூட்ட அவர் தேர்ந்த விறகு அது. கனவுக் காதலும் சுரங்கமும் எங்கிருந்தும் வரலாம். நாஞ்சில் நாடு யாருடையது என்னும் வழக்கு, சேரநாட்டுத் தலைநகரில் இருந்து தமிழில் எழுதிய ஒருவருக்கே தோன்றும். அந்நாடு அன்று திருவிதாங்கூரின் நெற்களஞ்சியம். நாடகம் அச்சாகி 65 ஆண்டுகட்குப் பின் அதே எல்லை மெய்யாகவே மாறியதை நினைக்கும்போது, அப்பகுதிகளை நம்மவர் வெறுங்கதையாகப் படிக்க இயலுவதில்லை. நாடகத்தில் அவ்வழக்கு இரு நாட்டார்க்கும் உண்மைப் பகையினால் எழுவதன்று. தன்னலம் கருதிய ஒருவன் தூண்டிவிடுவது. முடிவில் சேரனும் பாண்டியனும் உறவினராகின்றனர்.

போரில் தோற்ற சீவகன் கோட்டைக்குள் அடைபடுகின்றான். முனிவர் முன்னறிவோடு தம் ஆசிரமத்திலிருந்து அரண்மனை அறைவரை அமைத்து வைத்த சுரங்கத்தின் வழியே மகளை அனுப்பிவிட எண்ணுகின்றான். அதற்குமுன் அன்றிரவே அவளைப் பலதேவனுக்கு மணமுடித்துவிடவும் குடிலன் இசையச் செய்கின்றான். சுரங்கத்தின் மறையை அறிந்துகொண்ட குடிலன் நேரே பகைவனிடம் சென்று அதனை விற்க முயல்கின்றான். கிரேக்கக் கதையின் வீரன் தேரேறி விரைவதினும், தமிழ் நாடகத்தின் புருடோத்தமன் இவ்விடத்திற் செய்வதையே நாம் பெரிதும் மதிக்கின்றோம். வெற்றியைத் தட்டில் வைத்து நீட்டிய துரோகியை அவன் விலங்கிட்டு, அவனையே வழிகாட்டியாக நடத்திச் செல்கின்றான். மணமண்டபத்தில் விருப்பமின்றி மாலையேந்தி நிற்கும் மனோன்மணி, சுரங்கத்தினின்றும் வெளிப்பட்ட கனவுநாயகனைக் கண்டு அவன் கழுத்தில் மாலையிடுகின்றாள். பொற்கிண்ணம் நம் வழக்கப்படி பூமாலையாயிற்று.

கதைக்குள் கதையாக ஆங்கிலக் கவிஞர் கோல்ட்ஸ்மித்தின் துறவி பற்றிய பாட்டையும் தழுவி, சிவகாமி சரிதம் என்று ஒன்றைச் சேர்த்திருக்கின்றார். அவருடைய வாழ்க்கைத் துணைவியாரின் பெயரும் சிவகாமி என்பதை வாசகர்கள் மறந்திரார். மூலத்திலில்லாத வாணியும் அவள் காதலன் நடராசனும் நாடகத்துக்கு உயிர்கொடுப்பவர்கள். வயல்வெளியில் நடராசன் ஒரு சிறு புல்லையும் மண்ணைப் பண்படுத்தும் நாங்கூழ்ப் புழுவையும் கண்டு வியந்து நிற்கும் பகுதி, எம் கருத்தில் நூலின் மணிமுடி. மண்புழுக்களின் உழைப்பைப் பற்றி டார்வின் நூல் வெளியிட்டது 1881இல். அதற்குப் பத்தே ஆண்டுகளில் வந்த தமிழ் நாடகத்தில் அப்புழுவுக்கு இவ்வளவு பெருமை கிடைத்திருப்பதைக் காணும்போது, இப்பேராசிரியர் அறிவியல் நூல்களையும் விடாது கற்றவர் என்று எண்ணத் தோன்றுகின்றது.

குறைகள் இல்லாமலில்லை. சீவகன் குடிலனை நம்பும் நம்பிக்கை சிலவிடங்களில் நம் பொறுமையைச் சோதிக்கின்றது. மனோன்மணி கனவு காண்கின்றாள், உருகுகின்றாள். ஒடாத்திசைப் போலத் தானே செய்தி அனுப்பும் துணிவு அவளுக்கு அளிக்கப்படவில்லை. செய்யுள் நீண்டு செல்கின்றது. மேடையைவிடப் படிப்பறைக்கே அது பொருந்தும். சீவகனைச் சீவான்மாவாகவும், குடிலனை மாயையாகவும், முனிவரை ஞானகுருவாகவும் கொண்டு தத்துவப் பொருள் காண்போர் உளர், காணட்டும். பன்னிரண்டு வயதுப் பிள்ளைக்கு அது வேண்டுவதில்லை. அவனுக்குச் சுரங்கமும், விலங்கிட்ட அமைச்சனும், கழுமரம் வரை சென்று மீளும் உண்மைத் தொண்டன் நாராயணனும் போதும்.

இளையோர் இதனைச் சுவைப்பரோ என்று ஐயுறுவோர்க்கு ஒரு சான்று காட்டுவோம். நாகப்பட்டினத்து இளைஞர் ஒருவர் இந்நாடகத்தைப் படித்து உள்ளம் பறிகொடுத்தார். தம் ஆசிரியர் நாராயணசாமிப் பிள்ளையோடு 1895இல் திருவனந்தபுரம் வந்து ஆசிரியப் பெருமானைக் கண்டார். சிறிது காலம் இந்நகரிற் பள்ளி ஆசிரியராகவும் இருந்தார். அப்போது அவருக்கு வயது இருபதும் நிரம்பவில்லை. வேதாசலம் என்ற அவ்விளைஞரே பின்னர் மறைமலையடிகள் என்று தமிழுலகம் போற்றியவர். செய்யுள் நடை அவரைத் தடுக்கவில்லை. நம் பிள்ளைகளின் நிலை வேறு. பள்ளியில் மலையாளமும் ஆங்கிலமும் இந்தியும் பயின்று, தமிழ் எழுத்தை ஞாயிற்றுக்கிழமை வகுப்பில் கூட்டிப் படிப்பவர்கள் அவர்கள். கிங்ஸ்லி தம் குழந்தைகளுக்குச் செய்ததை மனோன்மணீயத்துக்கு எளிய உரைநடையில் நம்முள் ஒருவர் செய்தல் வேண்டும். உரைநடைச் சுருக்கங்கள் முன்னரே பல வந்துள்ளன. திருவனந்தபுரத்துத் தமிழ்ப் பிள்ளைக்கென்று, பேரூர்க்கடையும் நாஞ்சில் வயலும் கண்முன் நிற்குமாறு எழுதப்பட்ட ஒன்றையே நாம் வேண்டுகின்றோம். கையெழுத்துப்படி கிடைப்பின், அடுத்த மலரில் அதற்கு இடம் ஒதுக்குவதில் நமக்குத் தடையில்லை.

நூலின் முகப்பிலுள்ள தமிழ்த் தெய்வ வணக்கத்தை நம் பிள்ளைகள் மனப்பாடமாக அறிவர். 1970இல் தமிழக அரசு அதன் ஒரு பகுதியைத் தமிழ்த்தாய் வாழ்த்தாக ஏற்றது. இசையமைத்தவர் எம். எஸ். விசுவநாதன், இராகம் மோகனம். 2021 டிசம்பரில் அது மாநிலப் பாடலாக அறிவிக்கப்பெற்றது. மலையாளம் முதலிய மொழிகள் தமிழிலிருந்து பிறந்தமை கூறும் வரிகளும், வடமொழியின் வழக்கொழிவைச் சுட்டும் வரியும் அப்பகுதியில் இடம்பெறவில்லை. பல மொழியாரோடு ஒரே படிக்கட்டில் ஏறி இறங்கும் நமக்கு அவ்விடுபாட்டில் வருத்தமில்லை.

நாடகாசிரியர் என்ற புகழ் அவருடைய ஆராய்ச்சிப் பணியை மறைத்துவிட்டது. திருஞானசம்பந்தர் காலத்தைக் கால்டுவெல் முதலியோர் 13ஆம் நூற்றாண்டுக்குக் கீழிறக்கியிருந்தனர். அது 7ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திற்குப் பிற்பட்டதாக இருத்தல் இயலாதென்று சான்றுகாட்டி ஆங்கிலத்தில் எழுதினார். வேணாட்டுக் கோயில்களில் வட்டெழுத்துக் கல்வெட்டுகளைப் படியெடுத்து, திருவிதாங்கூரின் பண்டை அரசர்களின் காலத்தை வரிசைப்படுத்தி 1894இல் நூலாக்கினார். கோயில் கோயிலாகச் சென்று எண்ணெய்ப் பிசுக்கேறிய கல்லை வருடிப் படித்த அவ்வுழைப்பு, மலையாள நாட்டு வரலாற்றுக்கு ஒரு தமிழர் ஆற்றிய தொண்டு. 1896இல் அரசாங்கம் ராவ்பகதூர் பட்டம் அளித்தது.

அடுத்த ஆண்டு, 1897 ஏப்ரல் 26ஆம் நாள் அவர் மறைந்தார். வயது 42. ஒரே மகன் நடராச பிள்ளைக்கு அப்போது வயது ஆறு. நாடகம் அச்சான அதே 1891இல் பிறந்த பிள்ளை. நாடகத்து நல்லவனின் பெயரைத் தாங்கிய அவர் விடுதலைப் போராட்டத்தில் இறங்கினார். அதன் காரணமாக, தந்தைக்கு அரசர் வழங்கிய பேரூர்க்கடை நிலமும் ஹார்விபுரம் இல்லமும் திவான் சர் சி. பி. இராமசாமி ஐயர் காலத்தில் பறிமுதலாயின. பின்னாளில் அவர் 1954இல் அமைந்த பட்டம் தாணு பிள்ளை அமைச்சரவையில் திருவிதாங்கூர்-கொச்சியின் நிதியமைச்சரானார். 1962இல் திருவனந்தபுரத்தினின்றும் மக்களவைக்குத் தேர்ந்தெடுக்கப்பெற்று, அப்பதவியில் இருக்கும்போதே 1966 சனவரியில் காலமானார். பேரூர்க்கடை அரசு மேனிலைப்பள்ளி அவர் பெயரைத் தாங்கியுள்ளது. தந்தையின் பெயரைத் திருநெல்வேலியில் 1990இல் தோன்றிய பல்கலைக்கழகம் தாங்கியிருக்கின்றது. அவர் படித்ததும் கற்பித்ததுமான கல்லூரி பாளையத்தில் அதே சாலையோரத்தில் நிற்கின்றது. நம் காலனியிலிருந்து நகருக்குள் செல்லும்போது பிள்ளைகளுக்கு அதனைக் காட்டலாம்.